அப்பப்பா வாங்கி வைத்த இடம்

மார்ச் 4, செவ்வாய்

எழுதிக்கொண்டிருக்கும் புத்தகம் இன்றும் ஒரு வரி நகரவில்லை. மதியத்துக்கு முன்னமே கணினியை மூடிவிட்டு பென்ட்லிக்கு, அப்பா வீட்டுக்குப் புறப்பட்டேன். செவ்வாய்க்கிழமைகளில் அப்பாவோடு சாப்பாடு. அம்மா போன பிறகு வந்த வழக்கம். அவர் கறுப்பு ரொட்டியும் ஊறவைத்த வெள்ளரிக்காயும் வெட்டி வைத்திருப்பார்; நான் சோறும் மீன்குழம்பும் கொண்டுபோவேன். கடைசியில் அவர் என்னுடையதைச் சாப்பிடுவார், நான் அவருடையதை.

கோப்பைகளைக் கழுவிக்கொண்டிருந்தபோது, தண்ணீர் பில் வந்ததைச் சொல்வதுபோலச் சொன்னார்: "யூதர் மயானச் சபையிலிருந்து கூப்பிட்டார்கள். அந்த மூன்றாவது இடம் எனக்கு வேண்டுமா, வேண்டாமா என்று கேட்கிறார்கள்."

"என்ன சொன்னீர்கள்?"

"யோசிக்க வேண்டும் என்றேன்."

எழுபத்தெட்டு வயதில் இன்னும் என்ன யோசனை என்று வாய்வரை வந்தது. விழுங்கிவிட்டேன்.

அப்பா பேசுவதெல்லாம் ஆங்கிலம். நான் இதைத் தமிழில் எழுதுவதற்குக் காரணமே அவருக்குத் தமிழ் வாசிக்கத் தெரியாது என்பதுதான். பள்ளிக்கூடக் காலத்தில் தொடங்கிய தந்திரம். அம்மாவுக்கு வாசிக்கத் தெரியும், ஆனால் தொடமாட்டார். எழுத்துப் பிழை கண்ணில் பட்டால் அழுதுவிடுவேன் என்ற பயம் என்று சொல்லுவார். அம்மா எனக்குத் தமிழ் படிப்பித்தது அடித்து அல்ல, அழுது.

மார்ச் 6, வியாழன்

அந்த இடத்தைப் பற்றி எழுதி வைக்கிறேன். புத்தகத்தில் எழுதினால் அலங்காரம் வந்துவிடுகிறது.

அப்பப்பா போலந்தின் லோட்ஸ் நகரத்துக்காரர். யுத்தத்துக்கு முன் ஒரு மனைவியும் பிள்ளையும் இருந்தார்கள். பிறகு இல்லை. பெற்றோர், சகோதரங்கள், எல்லாரையும் கொன்றார்கள். ஒருவருக்கும் கல்லறை கிடையாது. யுத்தம் முடிந்து அகதி முகாமில் அப்பம்மாவைக் கட்டினார். அப்பா பிறந்தது அந்த முகாமில். மெல்பேர்னுக்கு வந்து கோட்டுத் தைத்தார். கொஞ்சம் காசு சேர்ந்ததும் எல்லாரும் வீடு வாங்கினார்கள். இவர் வாடகை வீட்டில் இருந்துகொண்டே யூதர் மயானத்தில் வரிசையாக மூன்று இடம் வாங்கினார். தனக்கு, மனைவிக்கு, மகனுக்கு.

மகன் போய் ஆஸ்பத்திரியில் வேலை செய்த தாதி ஒருத்தியைக் கட்டினான். மன்னார் பேசாலைப் பெண், பேர்ள். கறுப்பி, கத்தோலிக்கம். அப்பப்பா யூத வழக்கப்படி சட்டையைக் கிழித்துக்கொண்டு தாழ்வான கதிரையில் உட்கார்ந்து, உயிரோடு இருக்கிற மகனுக்கு ஏழு நாள் துக்கம் காத்தார். அதற்குப் பிறகு சாகும்வரை அப்பாவோடு ஒரு வார்த்தை பேசவில்லை.

ஆனால் மூன்றாவது இடத்தை அவர் விற்கவில்லை.

என் புத்தகம் முழுக்க இந்த ஒரு விஷயத்தின் மேல்தான் நிற்கிறது. கடைசி அத்தியாயத்தில் அப்பா அந்த இடத்தில் போய்ச் சேருகிறார், வரிசை நிறைகிறது. அப்பா இன்னும் உயிரோடு இருக்கிறார் என்பதுதான் அந்த அத்தியாயத்துக்கு ஒரே தடை. இதைப் பதிப்பாளரிடம் சொன்னேன், சிரித்தார். நான் பகிடிக்குச் சொல்லவில்லை.

மார்ச் 16, ஞாயிறு

கோல்ஃபீல்ட் நூலகத்தில் பேச்சு. தலைப்பு அவர்கள் கொடுத்தது: யூத எழுத்தாளரும் பரம்பரைக் காயமும். வாசலில் காவலர் பையைத் திறந்து பார்த்தார். உள்ளே எல்லாம் அப்பாவின் வயது முகங்கள்.

நன்றாகத்தான் போனது. கடைசியில் முன்வரிசையிலிருந்த பெண்மணி கை உயர்த்தினார்.

"உங்கள் அம்மா யூதரா?"

"இல்லை. கத்தோலிக்கத் தமிழர்."

"ஓ. அப்படியென்றால் நீங்கள்..."

முடிக்கவில்லை. முடிக்கத் தேவையும் இல்லை. தாய் யூதரென்றால்தான் பிள்ளை யூதர், அது அவர்கள் சட்டம். பிறகு தேநீர் நேரத்தில் என்னைத் தேடி வந்து கேக் துண்டு ஒன்றைக் கையில் வைத்து, பெரியதாகப் பார்த்து எடுத்தேன் என்றார். நல்ல மனுஷி. கேக்கும் நன்றாயிருந்தது.

சின்ன வயதில் சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளிக்கூடத்தில் என் பெயர் வெள்ளைக்காரி. சனிக்கிழமை யூதருக்கு ஓய்வுநாள் என்பதால் அங்கே போனதே ஒரு குற்றம் என்று பிறகு தெரிந்தது. ஆக, இரண்டு பக்கத்திலும் வருகைப் பதிவில் குழப்பம்.

பரம்பரைக் காயம் எப்படி இருக்கும் என்று ஒருவர் கேட்டார். என் காரில் பெட்ரோல் பாதிக்குக் கீழே இறங்கினால், திடீரென்று ஊரைவிட்டு ஓட வேண்டி வந்தால் என்ன செய்வது என்று நடுராத்திரியிலும் போய் நிரப்பிவிடுவேன் என்றேன். எல்லாரும் தலையாட்டினார்கள், அப்பப்பாவிடமிருந்து வந்தது என்று. அம்மாவும் அப்படித்தான் என்பதைச் சொல்லவில்லை. அம்மாவின் தம்பி யோசேப் வவுனியாவுக்குப் போன பஸ்ஸிலிருந்து இறக்கப்பட்டவர், அதற்குப் பிறகு தகவல் இல்லை. அங்கேயும் கல்லறை கிடையாது. எந்தப் பயம் எந்தப் பக்கத்தால் வந்தது என்று எனக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை. நூலகத்தில் அதைப் போட்டுக் குழப்ப மனம் வரவில்லை.

ஏப்ரல் 13, ஞாயிறு

யூதரின் பாஸ்கா. அப்பா எந்தப் பண்டிகையும் கொண்டாடுவதில்லை, ஆனால் இந்த வாரம் மட்டும் வீட்டில் சாதாரண ரொட்டி இருக்காது. புளிக்காத ரொட்டியை உடைத்து மாசிச் சம்பலோடு சாப்பிட்டார். அம்மா தொடங்கி வைத்த சேர்க்கை.

நேராகவே கேட்டேன், அந்த இடம் என்ன ஆனது என்று.

"செத்தவனாக நினைத்து எனக்குத் துக்கம் காத்தவர் என் அப்பா," என்றார். "அவர் பக்கத்தில் போய்ப் படுத்தால் என்ன பேசுவது?"

"அப்படியானால் அம்மாவோடு?"

சம்பலைத் தொட்டுத் தொட்டுச் சாப்பிட்டார்.

"அம்மாவிடம் போய்ப் பார்க்கிறீர்களா?"

"கல்லறைக்கெல்லாம் நான் போவதில்லை."

எனக்கு எரிச்சல் வந்தது. மூன்று வருடமாக ஒரு தடவைகூடப் போகவில்லையா? அந்த மனுஷி இவருக்காகப் பாதி உறவை விட்டுவந்தவள்.

ஏப்ரல் 20, ஞாயிறு

ஈஸ்டர். டண்டினோங்கில் பிலோ சின்னம்மா வீட்டில் சாப்பாடு. அம்மாவின் தங்கை. ஆட்டுக்கறி, உருளைக்கிழங்குப் பிரட்டல், போதாததற்கு ரோல்ஸ். சின்னம்மாவின் மகன் டிலுக்சன் பாதி நேரம் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"ஜூடி, உனக்கு ஒண்டு சொல்லோணும்," என்று சின்னம்மா என் பக்கத்துக் கதிரையில் வந்து இருந்தார். "அக்கான்ர கல்லறையில ஆரோ கல்லுக் கொண்டுவந்து போடுறாங்கள்."

"எறியிறாங்களோ?"

"எறியேல்ல. மேல வைச்சிட்டுப் போறாங்கள். நான் ஒவ்வொரு சனிக்கிழமையும் பொறுக்கிக் குப்பைக்குள்ள போடுறன். அடுத்த கிழமை திரும்பவும் கிடக்கு."

"இட்ஸ் ஜஸ்ட் கிட்ஸ், மம்மி," என்றான் டிலுக்சன், போனிலிருந்து நிமிராமல்.

"கிட்ஸோ?" சின்னம்மாவின் குரல் மாறிவிட்டது. "எண்பத்து மூண்டுக் கலவரத்தில, கொழும்பில, கொட்டாஞ்சேனையில எங்கட வீட்டுக்கு முதல்ல வந்தது கல்லுத்தான். நாங்களும் பெடியள் எண்டுதான் நினைச்சனாங்கள். பிறகுதான் நெருப்பு வந்தது."

டிலுக்சன் போனைக் கவிழ்த்து வைத்தான். அவனுக்கு முப்பது வயது. இதை முதல் தடவையாகக் கேட்கிறான் என்று முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது. நானும்தான்.

சின்னம்மா மரத்தில் ஒரு கமரா கட்ட வேண்டும் என்கிறார். ஆளைப் பிடித்துப் பொலிசில் கொடுக்க வேண்டுமாம்.

எனக்கு அவர் சொன்ன மாத்திரத்திலேயே விளங்கிவிட்டது. யூதர் கல்லறைக்குப் பூக் கொண்டுபோவதில்லை. ஒரு சின்னக் கல்லை எடுத்து மேலே வைப்பார்கள், வந்து போனேன் என்பதற்கு. அது எங்கள் வழக்கம். (எங்கள் என்று எழுதிவிட்டேன். இருக்கட்டும்.) ஸ்பிரிங்வேல் மயானத்தில் ஒரு கத்தோலிக்கத் தமிழ்ப் பெண்ணின் கல்லறையில் கல் வைக்க இந்த ஊரில் ஒரே ஒரு ஆள்தான் உண்டு.

கல்லறைக்கெல்லாம் போவதில்லையாம்!

சொல்லியிருக்கலாம். வாயைத் திறந்து, சின்னம்மா, அது அப்பா என்று சொல்ல எவ்வளவு நேரம் ஆகும்? இன்னும் கொஞ்சம் உருளைக்கிழங்கு போட்டுக்கொண்டேன்.

ஏப்ரல் 21, திங்கள்

அப்பாவே மறைத்து வைத்திருப்பதை நான் எப்படி வெளியில் சொல்வது? நல்ல காரணம்தான். அதுதான் காரணமா என்பது வேறு விஷயம்.

மே 6, செவ்வாய்

அப்பா முடிவெடுத்துவிட்டார். மூன்றாவது இடம்.

"அம்மாவிடம் போக வேண்டும் என்றுதான் இருந்தேன்," என்றார். "ஆனால் பேர்ளின் ஆட்களுக்கு நான் அங்கே வருவது பிடிக்கவில்லை."

"யார் சொன்னது?"

"யாரும் சொல்லவில்லை." சற்று நேரம் மேசைத் துணியைத் தடவிக்கொண்டிருந்தார். "நான் வியாழக்கிழமைகளில் போவேன். ஒரு கல் வைத்துவிட்டு வருவேன். அடுத்த வியாழன் போனால் இருக்காது. ஒரு தடவை என்றால் காற்று, மழை என்று சொல்லலாம். ஒவ்வொரு தடவையும், ஜூடித். துடைத்து வைத்திருக்கிறார்கள்."

"அதற்கு அர்த்தம்—"

"அர்த்தம் தெளிவாக இருக்கிறது. வேண்டாம் என்கிற இடத்தில் போய் நிற்கக் கூடாது. எங்கள் வீட்டில் முதலில் படித்த பாடம் அது. போலந்தில் என் பெரியப்பாமார் அதைப் படிக்கவில்லை." எழுந்துபோய்க் கேத்தலைப் போட்டார். "ஜூன் மாதத்தில் பதில் சொல்கிறேன் என்று சபைக்குச் சொல்லிவிட்டேன்."

இப்போதாவது சொல்லியிருக்க வேண்டும். சின்னம்மாவுக்கு அந்த வழக்கம் தெரியாது, அவர் பயத்தில் எடுத்து எறிகிறார், அவ்வளவுதான். ஒரு நிமிட விஷயம். பாத்திரம் கழுவினேன். துடைத்தேன். அடுக்கினேன். வீட்டுக்கு வந்தேன்.

கடைசி அத்தியாயம் தன் பாட்டில் நடந்து வந்து வாசலில் நிற்கிறது. நான் கதவைத் திறக்காமலிருந்தால் போதும்.

மே 7, புதன்

எழுதினேன். மாதக்கணக்கில் அடைபட்டிருந்தது எல்லாம் வந்தது.

மே 9, வெள்ளி

நன்றாக வந்திருக்கிறது. அதுதான் வெட்கம்.

மே 15, வியாழன்

ஸ்பிரிங்வேலுக்குப் போனேன். காரை விட்டு இறங்காமல் கத்தோலிக்கப் பகுதியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அப்பா வந்தார். மழைக் கோட்டு, தொப்பி. அம்மாவின் தலைமாட்டில் நின்று நிறைய நேரம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். அப்பாவுக்கு இவ்வளவு பேச வருமா?

பிறகு பொக்கற்றிலிருந்து எடுத்தார். வைப்பதற்கு முன்னால் சுற்றிப் பார்த்தார். இந்தப் பக்கம், அந்தப் பக்கம். யாராவது பார்க்கிறார்களா என்று. சொந்தப் பெண்சாதியின் கல்லறையில், களவெடுக்க வந்த ஆள் மாதிரி. வைத்துவிட்டு அவசரமாகப் போய்விட்டார்.

நான் என்ன பிள்ளை? அந்த மனுசன் பயந்து பயந்து ஒரு கல்லை வைக்குது, நான் காருக்குள்ள இருந்துகொண்டு அதுக்கு வசனம் யோசிக்கிறன். உண்மையா யோசிச்சனான். மழைக் கோட்டு எண்டதை எப்பிடிப் போடலாம் எண்டு.

போதும்.

மே 18, ஞாயிறு

டண்டினோங். சின்னம்மா குசினியில் மீன் வெட்டிக்கொண்டிருந்தார். கதவடியில் நின்றபடியே சொல்லிவிட்டேன்.

கத்தியை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அத்தானே?"

"ஓம்."

"ஐயோ என்ர மாதாவே. நான் விசரி மாதிரிக் குப்பைவாளியைக் காவிக்கொண்டு போய்ப் போய்ப் பொறுக்கினனான். கை கழுவிப்போட்டு செபமும் சொன்னனான், வைச்சவன்ர கை அழுகிப் போகோணும் எண்டு." மீன் கையோடு நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டார். "ஏன் அந்த மனுசன் ஒரு வார்த்தை சொல்லேல்ல?"

"நீங்களும் அவரிட்டக் கேக்கேல்லத்தானே."

"நான் என்னெண்டு கேக்கிறது? அவருக்குத் தமிழ் வராது. எனக்குக் கோவம் வந்தால்தான் இங்கிலிஷ் வரும்."

சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை.

"நீ எப்ப அறிஞ்சனீ?"

"ஈஸ்டர் அண்டைக்கே விளங்கினது."

நான் எதிர்பார்த்தது ஏச்சு. அவர் கத்தியை எடுத்து மறுபடியும் மீனை வெட்டத் தொடங்கினார்.

"நீ அத்தான்ர பிள்ளைதான்," என்றார். "நெஞ்சுக்குள்ள வைச்சுக்கொண்டு திரியிற சாதி."

இருபது வருடமாகப் புத்தகம் புத்தகமாக எழுதி நான் தேடுகிற சான்றிதழை, சின்னம்மா அறுக்குளா மீன் வெட்டிக்கொண்டே கொடுத்துவிட்டார்.

மே 29, வியாழன்

நடந்ததை அப்படியே எழுதுகிறேன். இதைப் புத்தகத்தில் போட்டால் ஒருவரும் நம்பமாட்டார்கள்.

நாங்கள் முதலில் போய் நின்றோம். நான், சின்னம்மா, டிலுக்சன். டிலுக்சனின் தோளில் ஒரு மூட்டை. தோட்டச் சாமான் கடையில் வாங்கிய வெள்ளைக் கூழாங்கல், பெரிய பை. சின்னம்மா எல்லாவற்றையும் சவர்க்காரம் போட்டுக் கழுவியிருந்தார்.

அப்பா வளைவில் எங்களைக் கண்டதும் நின்றார். பிறகு திரும்பி வந்த வழியே நடக்கத் தொடங்கினார். பிடிபட்டுவிட்டோம் என்று நினைத்திருப்பார்.

"அத்தான்! நில்லுங்கோ அத்தான்!" சின்னம்மா சீலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடினார். மூட்டு வருத்தக்காரி, அப்படி ஓடி நான் பார்த்ததில்லை. கையைப் பிடித்து இழுத்து வந்தார். "சொறி அத்தான். ஐ டோன்ட் நோ. ஐ த்ரோ. ஆல் ஸ்ரோன், மீ. வெரி சொறி."

அப்பா என்னைப் பார்த்தார். நான் எல்லாவற்றையும் சொன்னேன், கொட்டாஞ்சேனையில் வந்த முதல் கல்லையும் சேர்த்து. அவர் அதைக் கேட்டதும் சின்னம்மாவைத் திரும்பிப் பார்த்த பார்வை வேறு. தன் சொந்தக்காரரைப் பார்க்கிற பார்வை.

டிலுக்சன் மூட்டையைச் சரித்தான். சரசரவென்று கொட்டியது. அம்மாவின் பெயர் பாதி மூடிவிட்டது.

"ஒன்று போதும்," என்றார் அப்பா. நான் மொழிபெயர்த்தேன்.

"நான் எத்தினை எறிஞ்சனானோ ஆருக்குத் தெரியும்? கிடக்கட்டும்," என்றார் சின்னம்மா. பிறகு கல்லறையைக் காட்டி, "இது ரெண்டு பேருக்கு ஆழமா வெட்டினது. அத்தானுக்குத் தெரியுமோ?"

அப்பாவுக்குத் தெரியாது. அம்மா போன நேரம் அவர் ஒன்றையும் கவனிக்கிற நிலையில் இல்லை. ஒழுங்கெல்லாம் சின்னம்மாவும் டிலுக்சனும்தான் பார்த்தார்கள்.

"அக்கா ஆஸ்பத்திரியில வைச்சே சொன்னவ. அவர் தன்ர ஆக்களிட்டப் போகோணும் எண்டு நினைப்பார், வற்புறுத்தாதேங்கோ, ஆனால் இடத்தை மட்டும் வெட்டி வைச்சுவிடுங்கோ எண்டு. நீங்கள் கேக்கேல்ல, நான் சொல்லேல்ல."

நான் மொழிபெயர்த்து முடிக்கும்வரை அப்பா கேட்டுக்கொண்டிருந்தார். "பேர்ள் சொன்னாளா?"

சின்னம்மாவுக்கு அது மொழிபெயர்ப்பு இல்லாமலே விளங்கியது. "ஓம்."

அப்பாவுக்கு அந்தச் சொல் தெரியும். நாற்பத்தாறு வருடம் அம்மா அதைத்தான் சொல்லியிருப்பார். தொப்பியைக் கழற்றினார், தங்கள் வழக்கத்தில் கழற்றக் கூடாது என்று ஞாபகம் வந்து உடனே போட்டுக்கொண்டார். அழுதார். அம்மாவின் செத்தவீட்டிலும் அழாத மனிதர்.

ஜூன் 3, செவ்வாய்

மூன்றாவது இடத்தைத் திருப்பிக் கொடுக்கப்போகிறாராம். எனக்கு இது வரும் என்று தெரியும். தெரிந்துகொண்டும் சண்டை பிடித்தேன்.

அப்பப்பாவும் அப்பம்மாவும் தனியக் கிடக்கினம் எண்டு கத்தினன். அவைக்கு ஒருத்தரும் மிஞ்சேல்ல, ஒரு மகன்தான் மிஞ்சினது, அதையும் நாங்கள் குடுக்கேல்ல எண்டால் என்ன மனுசர் நாங்கள் எண்டு. தமிழில்தான் கத்தியிருக்கிறேன். அப்பா பொறுமையாகக் கேட்டுவிட்டு, இப்போது ஆங்கிலத்தில் சொல் என்றார்.

சொன்னேன். ஆங்கிலத்தில் பாதிதான் வந்தது.

"அது மயானம், ஜூடித். சுற்றிவர ஆட்கள்," என்றார். பிறகு, "என் அப்பா அந்த இடத்தைப் பயத்தில் வாங்கினார். எனக்கு அவர் மேல் கோபம் இப்போது இல்லை. ஆனால் நான் பேர்ளிடம் போகிறேன். நாற்பத்தாறு வருடம் பக்கத்தில் படுத்தவன், இனித் தனியாகப் படுக்கத் தெரியாது."

சபைக்கு ஒரே ஒரு நிபந்தனை சொல்லியிருக்கிறார். அந்த இடத்தை யாருமில்லாத ஒருவருக்குக் கொடுக்க வேண்டும்.

ஜூன் 4, புதன்

கடைசி அத்தியாயம் போயிற்று. அழிக்கவில்லை, வேறு கோப்பில் போட்டு வைத்திருக்கிறேன். புத்தி எங்கே போகும்.

ஜூலை 13, ஞாயிறு

அப்பாவும் சின்னம்மாவும் இப்போது வியாழக்கிழமைகளில் சேர்ந்து போகிறார்கள். டிலுக்சன் ஓட்டுகிறான். என்ன மொழியில் பேசிக்கொள்கிறார்கள் என்று அவனைக் கேட்டேன். "மோஸ்ட்லி பாயின்ட்டிங்," என்றான்.

ஆகஸ்ட் 20, புதன்

சபையிலிருந்து அப்பாவுக்கு அழைப்பு. மூன்றாவது இடத்துக்கு ஆள் வந்திருக்கிறார். யாகோவ் என்று ஒரு கிழவர், ஒடெஸ்ஸாவிலிருந்து வந்தவர், செயிண்ட் கில்டாவில் முதியோர் இல்லத்தில் இருந்தவர். சொந்தம் என்று ஒருவரும் இல்லை. நாளைக்கு அடக்கம். பத்து யூத ஆண்கள் இருந்தால்தான் இறந்தவருக்கான முழுப் பிரார்த்தனையையும் சொல்ல முடியும். ஆள் குறைகிறது, வருவீர்களா என்று கேட்டிருக்கிறார்கள்.

அப்பா யூதர் மயானத்துக்குள் கால் வைத்துப் பல வருடம். அப்பம்மாவின் அடக்கத்துக்குப் பிறகு இல்லை. வருகிறேன் என்று சொல்லிவிட்டாராம். கார் ஓட்ட என்னைக் கூப்பிட்டார்.

ஆகஸ்ட் 21, வியாழன்

மழை விட்டுவிட்டுப் பெய்தது. சடங்கு செய்ய வந்த ரபி சின்னப் பெடியன், தாடி இன்னும் சரியாக அடர்த்தியாகவில்லை. சபைக்காரர்கள் சிலர், வாகன ஓட்டி, வழியில் பிடித்து வந்த இரண்டு மாணவர்கள். முதியோர் இல்லத்திலிருந்து பிலிப்பினோத் தாதி ஒருத்தி.

யூதர்கள் ஆட்களை ஒன்று, இரண்டு என்று எண்ணுவதில்லை, அது ஆகாது. பத்துச் சொல் உள்ள ஒரு வேத வசனத்தை எடுத்து, ஆளுக்கு ஒரு சொல்லாகச் சொல்லிக்கொண்டே போவார்கள். ரபி அப்படியே ஒவ்வொருவராகப் பார்த்துச் சொல்லி வந்தார். கடைசிச் சொல் அப்பா மேல் விழுந்தது. சரியாக இருக்கிறது என்று தலையாட்டினார். தாதியும் நானும் ஒரு குடைக்குள் தள்ளி நின்றோம். எங்கள் மேல் சொல் விழவில்லை. அது வலிக்கும் என்று நினைத்துத்தான் போனேன். பெரிதாக வலிக்கவில்லை. எனக்கு அப்பாவைப் பார்க்க வேண்டியிருந்தது.

பெட்டியை இறக்கினார்கள். பக்கத்தில் அப்பம்மா, அதற்கு அடுத்ததாக அப்பப்பா. ரபி புத்தகத்தைத் திறந்துவிட்டு நிறுத்தினார். இறந்தவரின் ஆத்துமாவுக்கான பிரார்த்தனையில் இன்னாரின் மகன் இன்னார் என்று சொல்ல வேண்டும்.

"யாகோவின் தகப்பன் பெயர் யாருக்காவது தெரியுமா?"

சபைக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். தாதி இல்லை என்று தலையசைத்தாள். அவர் தன் வீட்டாரைப் பற்றி ஒரு நாளும் சொன்னதில்லை என்றாள்.

"மோஷே," என்றார் அப்பா.

"உங்களுக்கு இவரைத் தெரியுமா?"

"இல்லை."

ரபி அப்பாவைப் பார்த்தார். பிறகு வரிசையின் தொடக்கத்தில் இருந்த கல்லைப் பார்த்தார். அதில் எபிரேய எழுத்தில் அப்பப்பாவின் பெயர் இருக்கிறது. அதைத்தான் வாசித்திருப்பார். மறுபடியும் அப்பாவைப் பார்த்தார். இருபத்தைந்து வயதுப் பெடியன், மறுத்திருக்கலாம், புத்தகத்தைப் புரட்டி இதற்கு இடமில்லை என்று சொல்லியிருக்கலாம். தொண்டையைச் செருமிக்கொண்டு பாடத் தொடங்கினார்.

யாகோவ், மோஷேயின் மகன்.

அப்பா மண்வெட்டியை வாங்கி மண் போட்டார். மற்றவர்கள் மூன்று தடவை போட்டுவிட்டு விலகினார்கள். அப்பா விலகவில்லை. ஒரு மாணவன் வந்து மெதுவாகக் கையிலிருந்து வாங்கும்வரை போட்டுக்கொண்டே இருந்தார்.

காரில் ஏறியபின் கேட்டேன், ஏன் அப்படிச் சொன்னீர்கள் என்று.

"பக்கத்தில் ஒரு மகன் வேண்டும் என்றுதானே என் அப்பா அந்த இடத்தை வாங்கினார்," என்றார்.

பிறகு ஹீட்டரைப் போடச் சொன்னார்.